பீரோ கதவு

ஜூன் 12

டாக்டர் என் கையில் பட்டையைச் சுற்றிக் காற்றடித்துப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார். "பெரிய நோய் ஒண்ணும் இல்லம்மா. சின்னச் சின்ன விஷயத்துக்கெல்லாம் கவலைப்படுறீங்க. அதை விட்டாலே பாதி பிரஷர் எறங்கிரும்" என்றார். உங்கள் வீட்டில் பாத்திரம் யார் கழுவுகிறார்கள் டாக்டர் என்று கேட்க வாய் வரை வந்தது. கேட்கவில்லை.

அவர் சொல்லித்தான் கல்யாண மண்டபத்து மாடியில் நடக்கும் வகுப்புக்குப் போனேன். நடத்துகிறவர் உலகநாதன் சார், பாங்கியில் மேனேஜராக இருந்து ஓய்வு பெற்றவர். தினமும் மனசை அரிக்கிற ஒரு சின்னக் கவலையை எழுத வேண்டுமாம். அதற்குக் கீழே 'விட்டேன்' என்று எழுதி நோட்டை மூடிவிட வேண்டுமாம். "கவலைங்கிறது சூடான சட்டி மாதிரி. கையை விட்டுட்டா சுடாது" என்றார். சூடான சட்டியைக் கைவிட்டால் சட்டி உடைந்து குழம்பு தரையில் ஓடும். அதைத் துடைக்க ஒருத்தி வேண்டும். சமைத்திருந்தால் அவருக்குத் தெரிந்திருக்கும்.

இன்றைய கவலை: பாலில் தண்ணீர். கேட்டால் மாடு மழையில் நனைந்தது என்கிறான். கோவில்பட்டியில் எப்போது மழை பெய்தது?

விட்டேன்.

ஜூன் 15

ராஜுவுக்கு வைகாசியில்தான் கல்யாணம் ஆனது. ஒரே பிள்ளை. அவன் அப்பா போன பிறகு இந்த வீட்டில் நானும் அவனும்தான். பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் செல்போன் கடை வைத்திருக்கிறான். மருமகள் கோமதி சங்கரன்கோவில்காரி. அந்த ஊரில் தெருவுக்கு நாலு கோமதி இருப்பார்கள், அம்மன் பெயர் அல்லவா.

நல்ல பெண்தான். ஆனால் டம்ளரைக் கழுவி நிமிர்த்தி வைக்கிறாள். கவிழ்த்து வைத்தால்தானே தண்ணீர் வடியும். ரசத்துக்குக் கடுகைக் கருக விடுகிறாள். பாத்திரம் கழுவும்போது பாடுகிறாள். சிரித்தால் தெருமுனை இட்லிக்கடை வரைக்கும் கேட்கும். நான் ஒன்றும் சொல்லவில்லை. ராஜுதான் சாப்பிடும்போது, "வீட்டுக்குள்ள சிரிச்சா போதும், தெருவுல போறவனுக்குக் கேக்க வேண்டாம்" என்றான்.

டம்ளர்: விட்டேன். கடுகு: விட்டேன்.

ஜூன் 21

கோமதியின் அம்மா பிரமு என் போனுக்குக் கூப்பிட்டாள். "மதினி, கோமதி போனு ஒரு வாரமா எடுக்கவே இல்லியே. நல்லா இருக்காளா?"

"அது சர்வீஸுக்குக் குடுத்திருக்கு மதினி" என்றேன். ராஜு அப்படித்தான் சொல்லியிருந்தான். போனை அவளிடம் கொடுத்தேன். ராஜு அப்போது சோபாவில் உட்கார்ந்து செருப்பு வாரைச் சரிபண்ணிக்கொண்டிருந்தான். அவள் அவனைப் பார்த்தபடியே, "நல்லா இருக்கேம்மா, நல்லா இருக்கேம்மா" என்று இரண்டு தரம் சொல்லிவிட்டு போனைத் திருப்பித் தந்தாள்.

கடையே அவன் கடை. ஒரு போனை ரிப்பேர் செய்ய இவ்வளவு நாளா? செருப்பு தைக்கிறவன் பெண்டாட்டி வெறுங்காலோடு நடந்த கதைதான்.

விட்டேன்.

ஜூன் 24

பக்கத்து வீட்டுக்காரர் சாக்கடையை நம் வாசல் பக்கம் திருப்பிவிட்டார். விட்டேன்.

ஜூன் 25

விட்டதை மறுபடி எடுத்து அவரிடம் நாலு வார்த்தை கேட்டேன். இப்போது மறுபடியும் விட்டேன்.

ஜூன் 29, ஞாயிறு

கறி எடுத்திருந்தோம். சாப்பிட்டுவிட்டு அவர்கள் மாடிக்குப் போனார்கள். நான் கூடத்தில் பாய் விரித்துப் படுத்தேன். கண் சொருகும் நேரத்தில் மேலே தடால் என்று சத்தம். பிறகு ஒன்றும் இல்லை. எழுந்து உட்கார்ந்து கேட்டேன். ஒன்றும் இல்லை. படுத்தேன்.

நாலு மணிக்குக் காபி போட வந்தாள். இடது கையில் முழங்கைக்கு மேலே சிவந்து கன்றியிருந்தது. "என்னளா?" என்றேன்.

"பீரோ கதவு இடிச்சிட்டு அத்தை."

அவர்கள் வீட்டில் சீராகக் கொடுத்த பச்சை பீரோ. மாடியில் சுவரோடு ஒட்டி நிற்கிறது. அதன் கதவு வலது பக்கமாகத் திறக்கும், நான்தான் நின்று இறக்க வைத்தேன். வலது பக்கம் திறக்கிற கதவு இடது கையை எப்படி இடிக்கும், அதுவும் நாலு கோடு விழுகிற மாதிரி, என்று யோசித்தால் அதற்கு முடிவே கிடையாது. இதைத்தான் உலகநாதன் சார் சின்ன விஷயத்தைப் பிடித்துத் தொங்குவது என்கிறார்.

தைலம் எடுத்துக் கொடுத்தேன். "பாத்து நடக்கணும்" என்றேன். ராஜு அப்பா இருந்த காலத்தில் எனக்கும் பீரோ இடித்திருக்கிறது. கதவு நிலை இடித்திருக்கிறது. ஒரு தடவை அம்மிக்கல் கூட இடித்தது. எல்லாம் ஆறித்தான் போனது.

விட்டேன்.

ஜூலை 2

வகுப்பில் சார் எனக்குப் பிரஷர் பார்த்தார். நன்றாக இறங்கியிருக்கிறது. எல்லாரையும் கைதட்டச் சொன்னார். "செண்பகம் அம்மாவைப் பாருங்க. விடுறதுன்னா இப்படி விடணும்" என்றார். எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. பள்ளிக்கூடத்தில்கூட எனக்கு யாரும் கைதட்டியதில்லை.

வீடும் இப்போது அமைதியாக இருக்கிறது. அவள் பாடுவதில்லை. டம்ளரைக் கவிழ்த்து வைக்கப் பழகிவிட்டாள்.

ஜூலை 6

மாவு ஆட்டிக்கொண்டிருந்தோம். கிரைண்டர் சத்தத்துக்குள் மெல்லக் கேட்டாள். "அத்தை, ஆடிக்கு அம்மா வந்து கூப்பிடுவாக இல்ல?"

"வராம? தலை ஆடியில்ல. கூப்பிட வராட்டா ஊரு சிரிக்குமே" என்றேன்.

"ஆடி முழுக்க அங்கனதானே இருக்கணும்?"

"முழுக்கத்தான். ஆவணி பொறந்துதான் வரணும்."

அவள் முகத்தில் வெளிச்சம் வந்தது. ரொம்ப நாளைக்குப் பிறகு நிறையப் பேசினாள். ஆடித்தபசுக்கு வருஷா வருஷம் கோயிலைச் சுற்றுவாளாம். அம்மன் ஒற்றைக் காலில் நிற்கும்போது பிரகாரத்தை விடாமல் சுற்றி வந்தால், அம்மன் கால் வலியில் பாதியை நாம் வாங்கிக்கொள்கிறோம் என்று அவள் அம்மா சொல்வாளாம். "கல்யாணத்துக்கு முந்தி சும்மா வெளையாட்டா சுத்துவேன் அத்தை. இந்தத் தடவை வேண்டிக்கிட்டு சுத்தணும்" என்றாள். என்ன வேண்டுதல் என்று நான் கேட்கவில்லை. உளுந்தை வழித்துப் போட வேண்டியிருந்தது.

மாலையில் மாடிக்குத் துணி எடுக்கப் போனபோது பார்த்தேன். கதவுக்குப் பின்னால் நீலப் பை ஒன்று கட்டி வைத்திருக்கிறாள். ஆடி பிறக்கவே இன்னும் நாள் இருக்கிறது.

ஜூலை 10

ராஜு சாப்பிட்டுக்கொண்டே சொன்னான். "ஏம்மா, ஆடி கீடின்னு அவுக வந்தா அனுப்ப வேண்டாம்."

"தலை ஆடிடா. அது ஊர் வழக்கம்."

"இந்தக் காலத்துல எவன் ஆடி பாக்கான்? போனா திரும்பி வரமாட்டா."

"ஏன் வரமாட்டா?"

நிமிர்ந்து பார்த்தான். அவன் அப்பா பார்க்கிற மாதிரியே பார்த்தான். நான் மோர் எடுக்க உள்ளே போய்விட்டேன்.

திரும்பி வந்தபோது குரலை மாற்றிக்கொண்டு சொன்னான். "நீயே சொல்லிரும்மா. உனக்குப் பிரஷர், வீட்டுல ஆள் வேணும்னு. நான் சொன்னா அவுக தப்பா எடுப்பாக. நீ சொன்னா ஒண்ணும் பேச மாட்டாக."

பிரஷர் இறங்கியதற்குக் கைதட்டல் வாங்கி எட்டு நாள்தான் ஆகிறது. அதைச் சொல்ல நினைத்தேன். பிள்ளையோடு மல்லுக்கட்டினால் ஏறப்போவது என் பிரஷர்தானே. ஒரு மாதம் அம்மா வீட்டில் இருக்கிறதும் இல்லாததும் பெரிய விஷயமா? நானும் என் தலை ஆடிக்குப் போனேன். போய் அம்மாவிடம் எல்லாம் சொன்னேன். ஆவணி ஒன்றாம் தேதி என் அப்பாவே கொண்டுவந்து விட்டுவிட்டுப் போனார். போய் என்ன கண்டேன்?

விட்டேன்.

ஜூலை 13, ஞாயிறு

வந்தார்கள். பிரமுவும் அவள் வீட்டுக்காரரும். தாம்பாளத்தில் ராஜுவுக்கு வேட்டி சட்டை, எனக்கு ஒரு சேலை, பழம், தேங்காய், ஒரு கூடை சீனிமிட்டாய். கோமதி முழுக்கை வைத்த சட்டை போட்டுக்கொண்டு வந்து தண்ணீர் கொடுத்தாள். இந்த வெயிலில் முழுக்கை. பிரமு அந்தக் கையையே பார்த்தாள்.

"ஆடிக்குப் பிள்ளையையும் மாப்பிள்ளையையும் கூப்பிட்டுப் போக வந்தோம் மதினி."

ராஜு போனை நோண்டிக்கொண்டிருந்தான். நான் சொன்னேன். "எனக்குப் பிரஷர் ரொம்ப ஏறிக் கெடக்கு மதினி. தனியா இருக்கக் கூடாதுங்காரு டாக்டரு. இந்த வருசம் இருக்கட்டுமே. அடுத்த ஆடிக்கு நானே கொண்டாந்து விடுதேன். சின்ன விஷயந்தானே."

கோமதி சமையலறை வாசலில் நின்று என்னைப் பார்த்தாள். கோபமாகப் பார்த்திருந்தால் பரவாயில்லை.

பிரமு சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். "ஆடிக்கு அழைக்காத மாமியாரைத் தேடிப் பிடிச்சு அடின்னு சொல்லுவாக. அழைச்சும் அனுப்பாட்டா யாரை மதினி அடிக்க?"

அவள் வீட்டுக்காரர் அண்ணாச்சி அவளைப் பார்த்து, "என்ன பேச்சு பேசுத. மதினிக்கு உடம்பு முடியலங்காக" என்றார்.

"இல்ல, சின்ன விஷயந்தான். சின்ன விஷயம்னாலதான கேக்கேன். பெரிசா எதுவும் கேக்கலியே" என்றாள் பிரமு. "தபசுக்கு ஒரு நாளாவது அனுப்புங்க."

"பாப்போம்" என்றான் ராஜு. போனிலிருந்து தலையை எடுக்கவில்லை.

பெண்ணைக் கொடுத்தவர்கள் அதற்கு மேல் என்ன பேச முடியும்? சாப்பிட்டார்கள், நல்லா இருக்கு என்றார்கள், கிளம்பினார்கள். பஸ் ஏறப் போகும்போது பிரமு மகள் கையைப் பிடித்தாள். முழுக்கைக்கு மேலேதான் பிடித்தாள், ஆனாலும் கோமதி கையை இழுத்துக்கொண்டாள்.

எனக்கு வந்த சேலை நல்ல மாம்பழக் கலர். பெட்டியில் வைத்துவிட்டேன். உடுத்த மனசு வரவில்லை.

இதை எப்படி எழுதி விடுவது என்று தெரியவில்லை. வழக்கம்போல எழுதுகிறேன். விட்டேன்.

ஜூலை 17

ஆடி பிறந்தது. தேங்காய்ப் பாலில் பாயசம் வைத்தோம். கோமதி அதிலும் கொஞ்சம் அடிப்பிடிக்க விட்டாள். ஒன்றும் சொல்லவில்லை.

ஜூலை 20

அந்த நீலப் பை இன்னும் கதவுக்குப் பின்னாலேயே இருக்கிறது. பெருக்க இடைஞ்சல். விட்டேன்.

ஜூலை 28

மத்தியானம் படுத்தால் தூங்க முடியவில்லை. தலைக்கு மேலே தொம் தொம் என்று நடக்கிற சத்தம். மேலே போய்ப் பார்த்தேன். மொட்டை மாடியில் அந்த வெயிலில் தண்ணீர்த் தொட்டியைச் சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருக்கிறாள். வெறுங்கால். உதடு எதையோ முணுமுணுக்கிறது.

"என்னளா இது?"

"ஆடிச்சுத்து அத்தை. கோயிலுக்குத்தான் போக முடியல."

"தொட்டிக்குள்ள அம்மன் இருக்காளாக்கும்?" என்றேன். கேலியாகத்தான் சொன்னேன். அவள் நிற்கவில்லை. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே சுற்றினாள்.

ஜூலை 31

இன்றைக்கும் அதே சத்தம். தூக்கம் கெட்டுத் தலைவலி. ராஜுவிடம் சொன்னேன். புகாராகச் சொல்லவில்லை, "இப்படி வெயில்ல சுத்துதாளே, கிறுக்கா பிடிச்சிருக்கு" என்று சும்மாதான் சொன்னேன். "நான் பாத்துக்கிடுதேன்" என்றான்.

ஆகஸ்ட் 2

மாடியில் சத்தம் இல்லை. நன்றாகத் தூங்கினேன்.

ஆகஸ்ட் 3

கோமதியின் வலது கால் பாதம் பூரி மாதிரி வீங்கியிருக்கிறது. படியில் சறுக்கிவிட்டாளாம். ஆஸ்பத்திரிக்குப் போகலாமா என்றேன். ராஜு, "சுளுக்குக்கு எல்லாம் ஆஸ்பத்திரியா? ஒத்தடம் போதும்" என்றான். உப்பை வறுத்துத் துணியில் கட்டி நானே ஒத்தடம் கொடுத்தேன். அவள் காலை என் மடியில் வைத்துக்கொண்டேன். வேண்டாம் அத்தை, வேண்டாம் என்றாள். மாமியார் மடியில் கால் வைக்கக் கூடாது என்று அந்த வலியிலும் நினைக்கிறாள்.

அவள் பாதம் முழுக்க வெயிலில் வெந்த கொப்புளம். நான் கும்பிடுகிற சாமி எல்லாம் சேர்ந்தாலும் இந்தப் பாதத்தை என்னால் மறக்க முடியாது போலிருக்கிறது.

விட்டேன் என்று எழுதிவிட்டு அடித்துவிட்டேன். பிறகு மறுபடி எழுதுகிறேன், சார் கேட்பார். விட்டேன்.

ஆகஸ்ட் 7, தபசு

வகுப்புக்காரர்கள் எல்லாம் சேர்ந்து வேன் பிடித்துத் தபசுக்குப் போனோம். கிளம்புவதற்கு முன்னால் எனக்குத் தோசை சுட்டுப் போட்டாள். வலது காலை ஊன்ற முடியவில்லை. ஒரு கையால் மேடையைப் பிடித்துக்கொண்டு இடது காலில் மட்டும் நின்றாள். உட்காரு, நான் சுட்டுக்கிடுதேன் என்றேன். "தபசன்னைக்கு நின்னாத்தான் அத்தை விசேஷம்" என்று சிரித்தாள். சத்தமில்லாத சிரிப்பு. தோசையைப் பாதியிலேயே வைத்துவிட்டு எழுந்தேன்.

சங்கரன்கோவிலில் தலைக்கு மேல் தலை. தபசு மண்டபத்தில் அம்மன் ஒற்றைக் காலில் நிற்கிறாள். காடுகரை உழுகிற சம்சாரிகள் பருத்தியையும் மிளகாய் வற்றலையும் அள்ளிச் சூறை விடுகிறார்கள். என் தலைமுடியில் ஒரு வற்றல் சிக்கிக்கொண்டது. எல்லாரும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். நான் அம்மன் முகத்தைப் பார்க்கவே இல்லை, காலைத்தான் பார்த்தேன்.

பிரமு என்னைக் கண்டுபிடித்துவிட்டாள். பிரகாரம் சுற்றி வந்திருந்தாள் போல, சேலை வியர்வையில் ஒட்டிக் கிடந்தது. "அவளுக்கும் சேத்து நானே சுத்துதேன் மதினி. கோமதி வரலியா?"

"வரல. கால்ல சுளுக்கு."

"எப்படி?"

"படியில சறுக்கிட்டாளாம்."

என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். அந்த இடத்தில் நான் பேச்சை நிறுத்தியிருக்கலாம். வேன்காரர்கள் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

"வலது கால ஊன்ற முடியல மதினி. காலையில ஒத்தக் கால்ல நின்னுதான் தோசை சுட்டா" என்றேன். பிறகு இதையும் சொன்னேன்: "ஒரு எட்டு வந்து பாத்துக்கிடுங்க. இன்னைக்கே. ராஜு கடையடைச்சு வர ஒம்பது மணி ஆகும். பின்கதவு சும்மா சாத்தித்தான் இருக்கும்."

எதற்குச் சொன்னேன் என்று தெரியவில்லை. பேச்சுவாக்கில் வந்துவிட்டது.

சாமி காட்சி கொடுக்கிற நேரம் அது. ஊரே மண்டபத்தைப் பார்த்து நெருக்கிக்கொண்டிருந்தது, பிரமு மட்டும் எதிர்ப்பக்கமாகக் கூட்டத்தைப் பிளந்துகொண்டு போனாள். நான் காட்சி முடிகிற வரைக்கும் நின்றேன். வேன் சீக்கிரம் கிளம்பிவிடக் கூடாது என்று வேண்டிக்கொண்டேன்.

வீட்டுக்கு வந்தபோது அடுப்புமேடை துடைத்துக் கிடந்தது. டம்ளர்கள் கவிழ்ந்திருந்தன. மாடிக் கதவுக்குப் பின்னால் பை இல்லை.

ஆகஸ்ட் 8

ராஜு கேட்டான். நான் தபசுக்குப் போயிருந்தேன், எனக்கென்ன தெரியும் என்றேன்.

பீரோ கதவு இடித்துவிட்டது.

ஆகஸ்ட் 13

நெற்றி வீக்கம் வற்றும் வரைக்கும் காத்திருந்து வகுப்புக்குப் போனேன். முக்காடு மாதிரி முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டேன், ஆனாலும் உலகநாதன் சார் பார்த்துவிட்டார். "என்னம்மா நெத்தியில?" "பீரோ கதவு சார்." "அடடா" என்றார். பிரஷர் பார்த்தார். பழையபடி ஏறியிருக்கிறது. "விட்டதை எல்லாம் மறுபடி பிடிச்சிட்டீங்க போலிருக்கே" என்று எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சிரித்தார். யாரும் கைதட்டவில்லை.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மாள் என் நெற்றியைப் பார்த்துவிட்டுத் தன் கையைப் புடவைக்குள் இழுத்துக்கொண்டாள். இத்தனை நாள் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறேன், அவள் பெயரைக்கூட நான் கேட்டதில்லை.

ஆகஸ்ட் 15

ராஜு சங்கரன்கோவிலுக்குப் போய் வாசலில் நின்று சத்தம் போட்டுவிட்டு வந்தான். அவர்கள் கதவைத் திறக்கவில்லையாம். அண்ணாச்சி ஜன்னல் வழியாக, "ஆஸ்பத்திரியில படம் எடுத்திருக்கு. எலும்பு கீறல் விட்டிருக்கு. ஸ்டேஷன்ல எழுதிக் குடுத்திருக்கோம்" என்றாராம். வந்ததிலிருந்து என்னோடு பேசவில்லை. நான் வைத்த சாப்பாட்டைச் சாப்பிடுகிறான்.

எனக்கு அவன்மேல் பாசம் போகவில்லை. அதுதான் வெட்கமாக இருக்கிறது.

ஆகஸ்ட் 17

ஆவணி பிறந்தது. முறைப்படி மருமகள் திரும்பி வருகிற நாள். வாசலில் பெரிதாகக் கோலம் போட்டேன், எதற்கென்று தெரியவில்லை.

பத்து மணிக்கு போன் வந்தது. தெரியாத எண். "அத்தை" என்றாள்.

கால் எப்படி இருக்கிறது என்று கேட்டேன். மாவுக்கட்டு போட்டிருக்கிறதாம். வலி குறைந்திருக்கிறதாம். வருகிறேன் என்று அவள் சொல்லவில்லை, வா என்று நானும் சொல்லவில்லை. பின்னால் பிரமு யாரையோ திட்டிக்கொண்டிருந்தாள், அதைக் கேட்டு இவள் சிரித்தாள். பழைய சிரிப்பு. போனைக் காதிலிருந்து கொஞ்சம் தள்ளிப் பிடிக்க வேண்டியிருந்தது.

"நீங்க எப்படி இருக்கீங்க அத்தை?"

"எனக்கென்ன. நல்லா இருக்கேன். நெத்தியில லேசா பீரோ கதவு இடிச்சிட்டு, அவ்வளவுதான். சின்ன விஷயம்."

அவள் சிரிப்பு நின்றது.

"எந்தப் பக்கம் அத்தை?" என்றாள்.

"இடது பக்கம்."

"அந்த பீரோ வலது பக்கமால்லா தெறக்கும்."

போனை வைக்க முடியவில்லை. கூடத்தில் அப்படியே நின்றேன். மாடியில் ராஜு எழுந்து நடக்கிற சத்தம் கேட்டது.

"அத்தை, அங்கனதான் இருக்கீங்களா? பின்கதவு சும்மாதான சாத்தியிருக்கு?" என்று அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள்.